வயர் எரிக்கும் புகையும் நாட்டுக்கோழி முட்டையும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நெல்லை மாநகராட்சியின் ராமையன்பட்டி குப்பைக் கிடங்கில் தீப்பிடித்தால் நெல்லைப் பதிப்புகளில் செய்தி வந்துவிடுகிறது. எத்தனை தீயணைப்பு வண்டிகள் வந்தன, எவ்வளவு நேரம் தண்ணீர் அடித்தார்கள், சாலையில் புகை எப்படி மறைத்தது என்பதெல்லாம் இருக்கும். ‘உயிர்ச்சேதம் இல்லை’ என்று முடியும். எரிந்தது என்ன என்பதை மட்டும் யாரும் எழுதுவதில்லை. எங்களைக் கேட்டால் அதைத்தான் தலைப்பில் போட வேண்டும். காய்ந்த சருகு எரிந்தால் புகை ஓரிரு நாளில் கலைந்துபோகும். பிவிசி வயரும் ஃபிளெக்ஸ் பேனரும் எரிந்தால் அதில் பிறக்கும் நஞ்சு மேல்மண்ணில் பத்து, பதினைந்து வருடம் கிடக்கும். மண்ணுக்குள் புதைந்துவிட்டால் இன்னும் அதிக காலம்.

நீண்டகாலம் அழியாத நச்சு என்றதும் எல்லாருக்கும் பூச்சிமருந்துதான் நினைவுக்கு வருகிறது. டிடிடி பயிருக்கு அடிப்பது 1989இல் நின்றது. பிஹெச்சி பவுடர் 1997இல் தடையானது. எண்டோசல்ஃபானை 2011 மே மாதம் உச்ச நீதிமன்றம் நிறுத்தியது. மிளகாய்க்கும் பருத்திக்கும் சிலந்திப்பூச்சி மருந்தாக விற்ற டைகோபால் 2023இல் தடைப் பட்டியலில் ஏறியது. இவையெல்லாம் பெயர் ஒட்டிய பாட்டிலில், ஒரு கடை வழியாக வந்தவை. அரசு ஆணை போட்டால் கடையில் வரத்து நிற்கும். ஆனால் இப்படி அழியாத நச்சுகளைக் கட்டுப்படுத்த உலக நாடுகள் 2001இல் கையெழுத்திட்ட ஸ்டாக்ஹோம் உடன்படிக்கையின் முதல் பன்னிரண்டு நச்சுகளில் இரண்டை யாரும் தயாரிக்கவில்லை, யாரும் விற்கவில்லை: டையாக்சின், ஃபியூரான். இவை தீயில் தானாகப் பிறப்பவை. இந்தியா அந்த உடன்படிக்கையை 2006இலேயே ஏற்றுக்கொண்டது. டெல்லி ஏற்றுக்கொண்டதால் நம் குளத்தங்கரையில் சாயங்காலம் மூட்டுகிற தீ அணையப் போவதில்லை. திருநெல்வேலிச் சீமையில் இப்போதும் புதிதாக உற்பத்தியாகிக்கொண்டிருக்கும் நீண்டகால நஞ்சு இதுதான். தடுக்க முடிந்ததும் இதுதான் என்பது எங்கள் கருத்து.

பிறப்பது எப்படி என்று சுருக்கமாகச் சொல்கிறோம். கரி வேண்டும், குளோரின் வேண்டும், வினையைத் தூண்டிவிட ஓர் உலோகம் வேண்டும். வெப்பம் 200 முதல் 450 டிகிரிக்குள் சற்று நேரம் நிற்க வேண்டும். வயர் உறையான பிவிசியில் கரியும் உண்டு, குளோரினும் உண்டு. கலப்பில்லாத பிவிசியின் எடையில் பாதிக்கு மேல், ஏறக்குறைய 57 சதவீதம், குளோரின்தான். தூண்டிவிடும் உலோகங்களில் கைதேர்ந்தது செம்பு. ஆக, செப்பு வயரைத் தீயில் போடுவது என்றால் டையாக்சினுக்கு வேண்டிய மூன்றையும் நாமே ஒன்றாகக் கட்டி அடுப்பில் வைக்கிறோம் என்று பொருள். வெட்டவெளித் தீயின் நடுப்பகுதி எவ்வளவு சூடாக இருந்தாலும் புகை மேலே எழும்போது அந்த 450–200 வரம்பை மெதுவாகக் கடந்துதான் ஆக வேண்டும்.

மருத்துவக் கழிவை எரிக்கும் உலைகளுக்கு 2016ஆம் ஆண்டு விதிகள் என்ன கேட்கின்றன பாருங்கள். இரண்டாம் அறையில் 1,050 டிகிரி, ஐம்பது கூடலாம் குறையலாம். அந்தச் சூட்டில் புகை இரண்டு விநாடி நிற்க வேண்டும். புகைபோக்கியில் வெளியேறும் டையாக்சின் கனமீட்டருக்கு 0.1 நானோகிராமைத் தாண்டக் கூடாது. இதற்காகப் புகையைச் சட்டென்று குளிரவைக்கிறார்கள், கரித்தூள் தூவிப் பை வடிகட்டியில் பிடிக்கிறார்கள். புறம்போக்கில் பழைய டயரை அடியில் போட்டுக் கொளுத்தும் தீயில் இதில் எது இருக்கிறது?

அளவைப் பார்ப்போம். எதை எரித்தால் எவ்வளவு டையாக்சின் என்று நாடுகள் கணக்கெடுப்பதற்கு ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டம் ஒரு கைக்கணக்கு வைத்திருக்கிறது. வைக்கோல் போன்ற பயிர்த்தாள் ஒரு டன் எரிந்தால் காற்றில் கலப்பது சுமார் அரை மைக்ரோகிராம். வீட்டுக் குப்பை ஒரு டன் என்றால் 40. குப்பைக் கிடங்குத் தீ என்றால் 300. செப்பு வயர் ஒரு டன் என்றால் 12,000. இந்த நான்கு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் முதலில் எதில் கைவைக்க வேண்டும் என்பதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. வயலில் தாள் எரிப்பவரை விரட்டுகிற வேகத்தில் பாதியாவது வயர் எரிக்கும் இடத்தில் காட்டலாம்.

ஒரு டன் என்றால் பெரிதாகத் தெரியும். ஒரு கிலோவாகப் பார்ப்போம். ஒரு கிலோ வயர் எரிந்தால் 12 மைக்ரோகிராம், அதாவது ஒரு கோடியே இருபது லட்சம் பிகோகிராம். பிகோகிராம் என்பது ஒரு கிராமின் லட்சம் கோடியில் ஒரு பங்கு. உலக சுகாதார அமைப்பும் உணவு வேளாண் அமைப்பும் சேர்ந்து அமைத்த நிபுணர் குழு 2001இல் சொன்ன வரம்பு, மனித எடையில் ஒரு கிலோவுக்கு மாதம் 70 பிகோகிராம். அறுபது கிலோ ஆளுக்கு 4,200. வகுத்துப் பார்த்தால் ஒரு கிலோ வயரின் புகையில் இருப்பது ஏறக்குறைய 2,850 பேரின் ஒரு மாத அளவு. அத்தனையும் ஆள் வாய்க்குள் போய்விடாது என்பது உண்மை. பெரும்பகுதி புல்லிலும் மண்ணிலும் குளத்திலும் இறங்கும். அங்கிருந்து எப்படித் திரும்பி வருகிறது என்பதைப் பிறகு சொல்கிறோம்.

வயரை எரிப்பவர்கள் விஷம் பரப்ப வேண்டுமென்று எரிக்கவில்லை. ஆக்கர் கடையில், அதாவது பழைய இரும்புக் கடையில், செம்புக்கு ஒரு விலை, உறையோடு இருக்கும் வயருக்கு அதைவிடக் குறைந்த விலை. உறையை நீக்கச் சுலபமான வழி தீ. இதில் ஒரு கணக்குப் பிழை இருக்கிறது. எரித்த செம்பு கறுத்து, மேலே ஆக்சைடு படிந்து, சாம்பல் ஒட்டி வரும். உருக்குகிறவர் அதை இரண்டாம் தரமாகத்தான் எடுப்பார். உரித்த செம்பு பளபளவென்று முதல் தரத்தில் போகும். சார்ஜர் வயர் மாதிரி முடியளவு இழை கொண்டதை எரித்தால் இழைகள் பொருக்காக உதிர்ந்து எடையே குறைந்துவிடும். வீட்டு வயரிங்கில் போடும் 1.5 சதுர மில்லிமீட்டர் வயரில் மீட்டருக்குச் செம்பு சுமார் 13 கிராம், உறை ஆறேழு கிராம். ஒரு கிலோ செம்புக்கு 75 மீட்டர் வயர் வேண்டும். அரிவாள்மனையால் உரிக்க உட்கார்ந்தால் பொறுமை போய்விடும் என்பது சரிதான். அதற்குத்தான் உரிக்கும் மெஷின்.

கையால் சுற்றும் மேசை மெஷின் ஒன்று போதும். ஆக்கர் கடைக்காரர் வாங்கி வைத்து, வயர் கொண்டுவருபவர்களை அங்கேயே உரிக்கவிட்டால் தீக்கு வேலையில்லை. முதலில் வயரைப் பருமன்வாரியாகப் பிரிக்க வேண்டும். 1.5, 2.5, 4 சதுர மில்லிமீட்டர் எல்லாவற்றையும் கலந்து ஓட்டினால் ஒன்றில் பிளேடு பதியாது, மற்றொன்றில் செம்பை வெட்டும். முறுக்கு நீக்கி, முழ நீளத்துக்குக் குறையாமல் நறுக்கிக்கொள்ள வேண்டும். அதைவிடக் குட்டையான துண்டை உருளை பிடிக்காது. பிளேடின் ஆழத்தை ஒரு துண்டில் சோதித்துப் பார்க்க வேண்டும். உறை மட்டும் பிளந்து, செம்பில் கீறல் விழாமல் இருந்தால் சரி. கீறல் விழுந்தால் திருகை ஒரு சுற்றில் கால்வாசி தளர்த்தினால் போதும். பழைய வயரில் உறை இறுகிப்போயிருக்கும். நம் ஊர் வெயிலில் அரைமணி நேரம் பரப்பிவைத்தால் இளகிவிடும். மழைக்காலம் என்றால் வெந்நீரில் முக்கி எடுக்கலாம். விளக்கில் காட்டி இளக்குவது வேண்டாம். அதுவும் சின்ன அளவில் அதே வேலைதான். மெஷினில் கைவிரல் சிக்கும் இடம் உருளை வாய். கடைசி ஒரு சாண் துண்டைக் கையால் தள்ளாமல் குறட்டால் தள்ள வேண்டும்.

கடையநல்லூர், சங்கரன்கோவில், ராதாபுரம் பக்கம் ஆழ்துளைக் கிணறுகள் நூற்றுக்கணக்கான அடி போகின்றன. ஒவ்வொன்றிலும் மூன்று கோர் தட்டைக் கேபிள் இறங்குகிறது. மோட்டாரைத் தூக்கும்போது கேபிள் உரசிப் பழுதானால் மொத்தமாகக் கழற்றிப் போடுவார்கள். எரிக்க வரும் வயரில் இது பெரும்பங்கு. தட்டைக் கேபிளை நேராக மெஷினில் கொடுத்தால் புரளும். நடுக் கோரின் மேல் மேலுறையை நீளவாக்கில் ஒரே கோடாகக் கீறிப் பிரித்தால் மூன்று கோரும் தனித்தனியாக வந்துவிடும். பிறகு ஒவ்வொன்றாக ஓட்டலாம். உரித்த உறையைக் குப்பையில் கொட்டக் கூடாது, அங்கே போய் எரியும். பிவிசி அரைத்து மறுபடி வார்ப்பவர்கள் எடை போட்டு வாங்குகிறார்கள். சாக்கில் கட்டி, மண் படாமல் வைத்தால் ஆக்கர் கடை வழியாகவே போகும்.

மோட்டார் வைண்டிங் கடைகளுக்கும் ஒரு வார்த்தை. தண்ணீர் நிரப்பும் சப்மெர்சிபிள் மோட்டாரில் பழைய சுற்று பிவிசி அல்லது பாலி உறை போட்ட வயர். அது ஸ்லாட்டுக்குள் கையால் நூல் கோத்ததுபோல் கோத்தது. வார்னிஷ் ஒட்டு கிடையாது. ஒரு பக்கம் தலைச்சுற்றை வெட்டிவிட்டு மறுபக்கம் குறட்டால் இழுத்தால் வந்துவிடும். ஸ்டேட்டரை, அதாவது சுற்று பொதிந்த அந்த வெளிக்கூட்டை, கொளுத்த ஒரு காரணமும் இல்லை. மோனோபிளாக் மோட்டாரில் எனாமல் வயர், வார்னிஷ் இறுகியிருக்கும், சூடு தேவைப்படும். அங்கேயும் லீடு வயர், ஸ்லீவ் இரண்டையும் முதலில் வெட்டி எடுத்துவிட வேண்டும். குளோரின் இருப்பது அவற்றில்தான். விறகும் மண்ணெண்ணெயும் ஊற்றிக் கொளுத்தினால் வெப்பம் கைமீறும். 350 டிகிரியைத் தாண்டத் தாண்ட ஸ்டேட்டர் தகடுகளுக்கு நடுவிலுள்ள காப்புப் பூச்சு வெந்துபோகும். பிறகு எவ்வளவு நேர்த்தியாகச் சுற்றினாலும் மோட்டார் சூடேறும், மின்சாரம் கூடக் குடிக்கும். ‘ரீவைண்டிங் பண்ணினதிலிருந்து மோட்டார் முன்ன மாதிரி இல்லை’ என்று விவசாயி சொல்வதற்கு வயர் மட்டமானது என்பதைவிடப் பல சமயம் இந்தத் தீதான் காரணம். வெப்பம் கட்டுப்படுத்தும் சூளை வைத்திருக்கும் கடையில் கொடுப்பது மேல்.

ஹெட்செட், சார்ஜர், கம்ப்யூட்டர் வயர் மாதிரி மெல்லியவற்றை மெஷினில் உரிக்க இயலாது. அரைத்து, காற்று வீசும் சாய்மேசையில் செம்பையும் பிளாஸ்டிக்கையும் பிரிக்கும் இயந்திரம் தனியாக இருக்கிறது. அது ஒற்றைக் கடைக்குக் கட்டாது. பேட்டை தொழிற்பேட்டையிலோ கங்கைகொண்டான் சிப்காட்டிலோ ஒன்று வைத்து மூன்று மாவட்டத்து ஆக்கர் கடைகளும் பயன்படுத்தலாம். மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் மானியம் கொடுக்க நினைத்தால் இதைவிட நல்ல இடம் எங்களுக்குத் தெரியவில்லை.

இனி வீட்டுத் தீ. எல்லா பிளாஸ்டிக்கும் ஒன்றல்ல. பால் பாக்கெட், கேரி பேக், அரிசிச் சாக்கு ஆகியவற்றில் குளோரின் இல்லை. எரித்தால் புகை நல்லது என்று இதற்கு அர்த்தமில்லை. டையாக்சின் கணக்கில் அவை பின்வரிசை என்பதோடு சரி. முன்வரிசையில் இருப்பவை வயர், பிவிசி குழாய்த் துண்டு, தோட்டத்து ஹோஸ், ரெக்சின், பழைய தரை விரிப்பு, சில வகைச் செருப்பு, மாத்திரை அட்டை, ஃபிளெக்ஸ் பேனர். ஃபிளெக்ஸ் என்பது பாலியஸ்டர் வலைமேல் பிவிசி பூசியது. கல்யாணம் முடிந்ததும் கோழிக்கூட்டுக்குக் கூரையாகி, கிழிந்ததும் அடுப்படிக்குப் போகிறது. தெரியாத துண்டைக் கண்டால் தண்ணீரில் போட்டுப் பார்க்கலாம். பாலிதீனும் பாலிப்ரோபிலீனும் மிதக்கும், பிவிசி மூழ்கும். தண்ணீர் பாட்டில் செய்யும் பெட் பிளாஸ்டிக்கும் மூழ்கும் என்பதால் பாட்டிலைத் தனியே எடுத்துவிட்டுச் சோதிக்க வேண்டும். மூழ்கினது எதுவும் தீப்பக்கம் போகக் கூடாது. வெந்நீர் அடுப்பு பற்றவைக்கக் கவரைச் சுருட்டி வைக்கிற பழக்கத்துக்கு மாற்றுத் தேட வெளியூர் போக வேண்டாம். பனையோலையும் தேங்காய்ச் சிரட்டையும் இருக்கிற ஊர் இது.

உவரி, கூடுதாழை, இடிந்தகரை போன்ற கடற்கரை ஊர்களுக்கு ஒரு தனிக் குறிப்பு. கடல் உப்பில் ஊறின மரத்தில் குளோரின் தாராளமாக இருக்கும். பழைய வள்ளத்துப் பலகையையும் கரை ஒதுங்கின கட்டையையும் விறகாக்கினால் சாதாரண விறகைவிட அதிக டையாக்சின் வரும். மேலே பெயிண்ட் இருந்தால் ஈயமும் கூட வரும். மீன் சுடுவதற்கு அந்தக் கட்டை வேண்டவே வேண்டாம்.

இப்போது முட்டைக்கு வருவோம். டையாக்சின் மனிதனுக்குள் போவதில் 90 சதவீதத்துக்கு மேல் உணவு வழியாகத்தான் என்கிறது உலக சுகாதார அமைப்பு. இது தண்ணீரில் கரையாது, கொழுப்பில் கரையும். புல்மேல் படிந்ததை மாடு மேய்கிறது, பாலின் கொழுப்பில் சேர்கிறது. அதைவிட நேர்வழி கோழி. வளவில் மேயும் நாட்டுக்கோழி புழு பொறுக்கும்போது நாளொன்றுக்குச் சில கிராம் முதல் முப்பது கிராம்வரை மண்ணையும் விழுங்குகிறது. அந்த மண்ணில் எரிந்த சாம்பல் இருந்தால் மஞ்சள்கருவில் வந்து உட்காரும். வயர் எரிப்பு மையங்களை ஆராய்கிறவர்கள் அந்தப் பக்கத்து நாட்டுக்கோழி முட்டையைச் சோதிப்பது இதனால்தான். ஐரோப்பிய ஒன்றியத்தில் முட்டைக்கு வரம்பு ஒரு கிராம் கொழுப்பில் 2.5 பிகோகிராம் டையாக்சின். ஒரு முட்டையில் ஐந்தரை கிராம் கொழுப்பு என்று கொண்டால் 14 பிகோகிராம் ஆகும். அதே ஐரோப்பாவின் உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2018இல் வகுத்த அளவு உடல் எடை கிலோவுக்கு வாரம் 2 பிகோகிராம். 15 கிலோ குழந்தைக்கு 30. ஆக, வரம்பைத் தாண்டாத முட்டையே இரண்டு தின்றால் வாரக் கணக்கு கிட்டத்தட்ட முடிந்தது. வரம்பைத் தாண்டினதாக இருந்தால்? ‘பண்ணை முட்டை வேண்டாம், நாட்டுக்கோழி முட்டை கொடுங்கள்’ என்று பிள்ளைக்குத் தேடி வாங்குகிறோம். நல்ல வளவில் மேய்ந்த கோழி என்றால் சரி. குப்பை எரிக்கும் திடலில் மேய்ந்த கோழி என்றால் பண்ணை முட்டையே தேவலை.

உடம்புக்குள் போனபின் பாதி வெளியேற ஏழு முதல் பதினொரு வருடம் ஆகும். அதனால் ஒருநாள் புகையில் நின்றவருக்கு மறுநாள் எதுவும் தெரியாது, தெரியவும் வேண்டியதில்லை. சேர்ந்துகொண்டே போவதுதான் பிரச்சினை. அதிக அளவு தாக்கினால் முகத்திலும் உடம்பிலும் ஆறாத பருக்கள். குறைந்த அளவு நீண்டகாலம் சேர்ந்தால் நோய் எதிர்ப்பு, தைராய்டு, கருவிலிருக்கும் குழந்தையின் நரம்பு வளர்ச்சி, இனப்பெருக்கம் பாதிக்கப்படும். இத்தாலியில் செவேசோ ஊரில் 1976இல் ஆலை விபத்தில் டையாக்சின் பரவியபோது சிறுவர்களாக இருந்தவர்களுக்குப் பின்னாளில் விந்தணு எண்ணிக்கை குறைந்திருந்ததைக் கண்டார்கள். டையாக்சின் வகையில் மிகக் கொடியதை 1997இல் சர்வதேசப் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை முதல் வகுப்பில், அதாவது மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் என்று உறுதியானவற்றில், வைத்தது. தாய்ப்பாலிலும் இது வரும் என்பது உண்மை. இதைக் கேட்டுவிட்டு யாரும் தாய்ப்பால் கொடுப்பதை நிறுத்த வேண்டாம். கொடுப்பதன் நன்மை இந்தத் தீமையைவிடப் பலமடங்கு என்பதுதான் உலக சுகாதார அமைப்பின் நிலை.

கோழி வளர்ப்பவர்கள் செய்யக் கூடியது இருக்கிறது. எரித்த இடத்தை ஒட்டிக் கோழியை விடாதீர்கள். பழைய எரிதிடல் வளவுக்குள்ளேயே இருந்தால் சாம்பலோடு மேல்மண்ணை ஒரு சாண் ஆழம் எடுத்து, அந்த இடத்தில் சுத்தமான செம்மண் போட்டு, வலை அடித்துவிடுங்கள். எடுத்த மண்ணை ஈரப்படுத்தி மூட்டையாகக் கட்ட வேண்டும். வாரியடித்துத் தூசி கிளப்பக் கூடாது. வாய்க்காலிலோ குளத்திலோ கொட்டுவதும் கூடாது. தீவனத்தைத் தரையில் இறைக்காமல் தட்டில் வைத்தால் மண் விழுங்குவது குறையும். சுத்தமான இடத்துக்கு மாற்றின கோழியின் முட்டையில் சில மாதங்களில் அளவு இறங்கும், ஏனென்றால் கோழி தன் நஞ்சை முட்டையில்தான் கழிக்கிறது. அந்த மாதங்களில் முட்டையைப் பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் கொடுக்காமல் இருந்தால் சரி. குப்பை எரித்த சாம்பலைப் பூசணிக்கும் கறிவேப்பிலைக்கும் போடுவதையும், பாத்திரம் துலக்க எடுப்பதையும் விட்டுவிட வேண்டும். விறகுச் சாம்பல் வேறு, குப்பைச் சாம்பல் வேறு.

2024 டிசம்பரில் நடுக்கல்லூர், கொடகநல்லூர், பழவூர் பக்கம் கேரளத்து மருத்துவக் கழிவைக் கொண்டுவந்து கொட்டியதும், பசுமைத் தீர்ப்பாயம் தலையிட்டபின் லாரிகளில் அது திரும்பிப் போனதும் எல்லாருக்கும் தெரியும். அப்போது எழுந்த பேச்செல்லாம் நோய்க்கிருமி பற்றியது. யாராவது ஒரு தீக்குச்சி கிழித்திருந்தால் நடந்திருக்கக் கூடியது பற்றி யாரும் பேசவில்லை. குளுக்கோஸ் ஏற்றும் குழாயும் ரத்தப் பையும் சிறுநீர்ப் பையும் பெரும்பாலும் பிவிசி. இனி எங்கேயாவது அப்படிக் கிடந்தால் ‘நாற்றம் தாங்கவில்லை’ என்று கொளுத்திவிடாமல் தார்ப்பாய் போட்டு மூடிவிட்டுத் தகவல் சொல்வதே ஊருக்குப் பாதுகாப்பு.

கிடங்குத் தீ பற்றி மாநகராட்சிக்கு. குப்பை மேட்டில் தீ உள்ளே புகைந்துகொண்டே போகும். மேலே தண்ணீர் அடித்தால் புகை அடங்கினதுபோல் இருந்து இரண்டு நாளில் வேறு இடத்தில் கிளம்பும். அடித்த தண்ணீர் நஞ்சைக் கழுவிக்கொண்டு கீழே இறங்கும். எரியும் பகுதியைச் சுற்றி ஜேசிபியால் வாய்க்கால் வெட்டித் துண்டிக்க வேண்டும். எரிகிறதைக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து மெல்லப் பரப்பி நனைக்க வேண்டும். ஆறினபின் ஒன்றிரண்டு அடி மண் போட்டு மூட வேண்டும். காற்று பலமாக இருக்கும்போது கிளறினால் உள்ளே காற்றுப் போய் இன்னும் பிடிக்கும். கிடங்கு நகருக்கு வடமேற்கே இருக்கிறது. ஆனி, ஆடி மேல்காற்றில் அங்கே எழும் புகை நகரத்துப் பக்கம்தான் வரும். ஆகவே வைகாசிக்குள் மேட்டைச் சுற்றித் தீத்தடுப்புச் சந்து வெட்டி முடிப்பதும், வயரும் ஃபிளெக்ஸும் மேட்டுக்கே வராமல் வார்டிலேயே பிரிப்பதும் அவசரம்.

மின்வாரியத்தின் பழைய டிரான்ஸ்பார்மர் எண்ணெய் பற்றியும் இரண்டு வார்த்தை. வெளிநாட்டிலிருந்து வந்த பழைய டிரான்ஸ்பார்மர், கெபாசிட்டர் சிலவற்றில் பிசிபி என்கிற எண்ணெய் உண்டு. மேலே சொன்ன பன்னிரண்டு நச்சுகளில் இதுவும் ஒன்று. மத்திய அரசின் 2016ஆம் ஆண்டு ஆணைப்படி 2025 டிசம்பர் 31க்குப் பின் அதன் உபயோகமே கூடாது. தண்ணீரில் மூழ்கினால் அது பிசிபி என்று ஒரு சோதனை சொல்வார்கள்; சுத்தமான பிசிபிக்கு அது சரி. சாதாரண எண்ணெயில் கொஞ்சம் கலந்திருந்தால் மிதக்கத்தான் செய்யும், ஆய்வகத்தில்தான் தெரியும். பத்து லட்சத்தில் 50 பங்கு இருந்தாலே அபாயக் கழிவாக நடத்த வேண்டும். ஆகவே ஏலத்தில் வந்த பழைய எண்ணெயைக் கரையானுக்கு மரத்தில் பூசுவதும், வெல்டிங் செட்டில் ஊற்றுவதும், மூட்டுவலிக்குத் தேய்ப்பதும் வேண்டாம். ஜப்பானில் 1968இல் தவிட்டெண்ணெயில் பிசிபி கசிந்து கலந்து ஆயிரக்கணக்கானோர் நோயாளிகளானார்கள். பரணில் பழைய பிஹெச்சி, எண்டோசல்ஃபான் வைத்திருப்பவர்கள் கிணற்றிலோ குழியிலோ கொட்டாமல், தீயிலும் போடாமல், லேபிளோடு பாட்டிலை மூடியுள்ள வாளியில் வைத்து, சுற்றி மணல் போட்டு நிறுத்தி, வேளாண் அலுவலரிடம் எழுதிக் கொடுக்க வேண்டும். வாங்கிக்கொள்ள ஒரு நாள் குறிப்பது துறையின் கடமை.

கடைசியாகச் சட்டமும் சோதனையும். குப்பையைத் திறந்தவெளியில் எரித்தால் 5,000 ரூபாய், மொத்தமாக எரித்தால் 25,000 ரூபாய் என்று பசுமைத் தீர்ப்பாயம் 2016 டிசம்பர் 22இல் தீர்ப்பளித்தது. வயர் பொறுக்கும் ஏழையிடம் 5,000 கேட்பதில் எங்களுக்கு உடன்பாடில்லை. கறுத்த செம்பை எடை போட்டு வாங்குகிற கடையில் கேட்க வேண்டும். கறுத்த செம்பு என்றால் எரித்த செம்பு. பார்த்த கண்ணுக்கே தெரியும், ஆய்வகம் தேவையில்லை. ஆக்கர் கடை உரிமத்தில் ‘எரித்த செம்பு வாங்கக் கூடாது’ என்று ஒரு வரி சேர்த்தால் பாதித் தீ அணையும்.

முட்டைச் சோதனைக்கு வேண்டியதெல்லாம் பக்கத்திலேயே இருக்கிறது. அரசு கால்நடை மருத்துவக் கல்லூரி ராமையன்பட்டியிலேயே, கிடங்குக்கு அருகில். மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் சுற்றுச்சூழல் மையம் ஆழ்வார்குறிச்சியில். டையாக்சின் அளக்கும் கருவி திருவனந்தபுரத்தில் மத்திய அரசின் சிஎஸ்ஐஆர் ஆய்வு நிறுவனத்தில். ஓர் இடத்துக்கு மூன்று கோழிகளுக்குக் குறையாமல் பார்த்து, கம்பெனித் தீவனம் போடாத கோழிகளின் முட்டை பத்து எடுத்து, கெட்டியாக அவித்து, அலுமினியத் தாளில் சுற்றி, உறைய வைத்து ஒரே மாதிரியாக அனுப்ப வேண்டும். கிடங்கைச் சுற்றி நான்கு திசையில் நான்கு, வயர் எரிக்கும் இடங்களில் இரண்டு, ஒப்பிடுவதற்குக் குப்பையே எரிக்காத மலையடிவாரக் கிராமம் ஒன்று; மொத்தம் ஏழு மாதிரி. கூடவே அதே வளவுகளின் மேல்மண், இரண்டு அங்குல ஆழம், ஐந்து இடத்தில் எவர்சில்வர் கரண்டியால் எடுத்துக் கலந்து கண்ணாடிப் புட்டியில். மாவட்ட ஆட்சியர் இந்த மூன்று நிறுவனங்களையும் ஒரே கூட்டத்தில் உட்காரவைத்தால் மேல்காற்று தொடங்குவதற்குள் மாதிரி எடுத்துவிடலாம். எடுத்த எண்களை, எந்தத் திசை, எவ்வளவு தூரம் என்ற விவரத்தோடு உங்கள் நாளிதழ் வெளியிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
வேதியியல் ஆசிரியர் ஒருவர், மோட்டார் வைண்டிங் தொழிலாளி ஒருவர், கால்நடை மருத்துவர் ஒருவர்,
பாளையங்கோட்டை.